நாடற்றோருக்கு நாடு கிடைத்த வரலாறு: அமரர் சௌமியமூர்த்தி தொண்டமான்

யூபிலி ஆண்டை முன்னிட்டு நமது பங்கின் பழைய ஞானஸ்நானப் பதிவேடுகளைப் புரட்டிப் பார்த்தோம். பிள்ளையின் பெயர் உண்டு. பெற்றோர் பெயர் உண்டு. தோட்டத்தின் பெயரும் உண்டு. ஆனால் அப்பெயர்களுக்குரியோரில் பலருக்கு நெடுங்காலம் ஒரு நாடு இருக்கவில்லை. இம்மலையிலே பிறந்து, இம்மலையிலே உழைத்தும் "நாடற்றவர்" என்றே அழைக்கப்பட்டனர். அந்நிலை நீங்கிய வரலாற்றை, அமைச்சர் தொண்டமான் அவர்களை விடுத்து எழுத இயலாது.

1913ஆம் ஆண்டு ஆகஸ்ட் 30ஆம் நாள் தமிழகத்தில் பிறந்த அன்னார், சிறுவயதிலேயே இலங்கை வந்து சேர்ந்தார். தந்தையார் கருப்பையா, தோட்டத்துக்குக் கூலியாக வந்து, கங்காணியாகி, பின்னர் வேவண்டன் தோட்டத்துக்கே உரிமையாளரானவர். தோட்டச் சொந்தக்காரரின் மகன் தொழிலாளருக்குத் தலைவராவதா எனக் குறை கூறியோர் உண்டு. ஆயினும் 1939இல் தோன்றிய இலங்கை இந்தியக் காங்கிரசின் கம்பளைக் கிளையிலே தொடங்கிய அவரது பொதுவாழ்வு, அறுபது ஆண்டுகள் அம்மக்களோடேயே நடந்தது.

1947ஆம் ஆண்டுப் பொதுத் தேர்தலில் காங்கிரஸ் ஏழு ஆசனங்களை வென்றது. நுவரெலியாவில் வென்றவர் தொண்டமான். அடுத்த ஆண்டே பிரஜாவுரிமைச் சட்டம் வந்தது. தந்தையோ, அல்லது பாட்டனும் பூட்டனுமோ இலங்கையில் பிறந்ததற்குச் சான்று காட்ட வேண்டும் என்றது அச்சட்டம். லயத்திலே பிறந்தவர்கள் எந்தச் சான்றைக் காட்டுவார்கள்? 1949இல் வாக்குரிமையும் பறிபோயிற்று. 1952இல் கொழும்பிலே சத்தியாக்கிரகம் நடத்தியும், அவ்வாண்டுத் தேர்தலின்பின் பாராளுமன்றத்தில் காங்கிரசுக்கு ஓர் ஆசனமும் எஞ்சவில்லை.

1960இல் நியமன உறுப்பினராகவே அவர் மீண்டும் சபைக்குச் சென்றார். 1964 அக்டோபர் 30இல் சிறிமா - சாஸ்திரி ஒப்பந்தம் கைச்சாத்தாயிற்று. சம்பந்தப்பட்ட மக்களைக் கேளாமலே, 5,25,000 பேர் இந்தியாவுக்கு, 3,00,000 பேர் இலங்கைக்கு எனப் பங்கிட்டார்கள். எஞ்சிய 1,50,000 பேரின் கதி பின்னர் தீர்மானிக்கப்படும் என்றார்கள். தலைமன்னார்க் கப்பலேறிய உறவுகளை நம்மில் எத்தனை குடும்பங்கள் இன்றும் நினைத்துக் கண் கலங்குகின்றன!

முப்பது ஆண்டுகளின்பின், 1977இல், மூன்று உறுப்பினர் கொண்ட நுவரெலியா - மஸ்கெலியாத் தொகுதியில் மூன்றாமவராக மக்கள் வாக்கினால் தெரிவானார். 1978இல் கிராமியக் கைத்தொழில் அபிவிருத்தி அமைச்சரானார்.

அமைச்சர் பதவி அவருடைய வாயை அடைத்துவிடவில்லை. 1984 ஏப்ரலில், அமைச்சராக இருந்துகொண்டே வேலைநிறுத்தத்துக்குத் தலைமை தாங்கினார். ஆண்களுக்கும் பெண்களுக்கும் சம சம்பளம் கிடைத்தது. கொழுந்து பறிக்கும் நம் தாய்மார் மறக்கக் கூடாத வெற்றி அது. 1986 தைப்பொங்கலன்று பிரார்த்தனை இயக்கம் ஒன்றைத் தொடங்கினார். காலை வேளையிலே தொழிலாளர் வேலைக்குச் செல்லாது வழிபாட்டில் இருந்தனர். 94,000 பேருக்குப் பிரஜாவுரிமை வழங்க அரசு இணங்கியது. 1988ஆம் ஆண்டுச் சட்டம் வழியை மேலும் இலகுவாக்கியது.

1983 கலவரத்தின் பின்னும் அமைச்சரவையில் இருக்கலாமா என்று கேட்டார்கள். 1994இல் ஆட்சி மாறியதும் புதிய அரசிலும் அமைச்சரானாரே என்றும் கேட்டார்கள். கேள்விகள் நியாயமானவையே. எதிரணியில் இருந்து இழந்ததை ஆளும் அணியில் இருந்து மீட்கலாம் என்பதே அவர் கண்ட வழி. அவ்வழி பிரஜாவுரிமையைத் தந்தது. லயத்தையும் குறைந்த சம்பளத்தையும் ஒழித்துவிடவில்லை.

1999 அக்டோபர் 30ஆம் நாள், அமைச்சராகவே அன்னார் மறைந்தார். மக்களைப் பங்கிட்ட ஒப்பந்தம் கைச்சாத்தாகிச் சரியாக 35 ஆண்டுகள் நிறைந்த நாள் அது. எஞ்சியோருக்கும் பிரஜாவுரிமை வழங்கும் சட்டம் 2003இல் நிறைவேறியது. அதைக் காண அவர் இருக்கவில்லை.

இன்று தேர்தல் நாளிலே அடையாள அட்டையுடன் நாம் வரிசையில் நிற்கிறோம். அந்த அட்டைக்காக நம் பெற்றோர் எத்தனை ஆண்டுகள் காத்திருந்தனர் என்பதைப் பிள்ளைகளுக்குச் சொல்லி வைப்போமாக.