படத்தில் வந்த தங்கச்சியும் நமது சந்தியில் பஸ் ஏறும் பிள்ளையும்

 

பிலிப்பைன்ஸில் மார்க்கோஸின் இராணுவச் சட்டக் காலத்திலே, 1975இல், லீனோ புரொக்கா ஒரு படம் எடுத்தார். பெயரைத் தமிழில் சொன்னால் 'வெளிச்சத்தின் நகங்களுக்குள் மணிலா'. கடலோரக் கிராமத்துப் பெண் லிகாயாவை, வேலை வாங்கித் தருவதாக ஒரு பெண்மணி மணிலாவுக்குக் கூட்டிப் போகிறாள். சேர்ந்த இடம் விபசார விடுதி. அவளைத் தேடி வரும் மீனவப் பொடியன் ஹூலியோ கட்டட வேலை செய்கிறான். வேலை போனதும், பசி அவனையும் உடலை விற்க வைக்கிறது.

நமது நாட்டிலும் இப்படியொரு படம் உண்டு. பிரசன்ன விதானகே 2003இல் எடுத்த 'இர மதியம'. அதில் மூன்று கதைகள். ஒன்று, காணாமல் போன கணவனைத் தேடும் மனைவி. இன்னொன்று, வடக்கிலிருந்து விரட்டப்படும் முஸ்லிம் குடும்பத்துச் சிறுவனும் அவன் நாயும். 1990 ஒக்டோபரை நாம் மறக்க முடியாது. மூன்றாவது கதையில், அநுராதபுரத்து விடுதிக்குப் போகும் சிப்பாய் அங்கே தன் சொந்தத் தங்கச்சியைக் காண்கிறான்.

யுத்தமும் வறுமையும் அந்தப் பிள்ளையை அங்கே கொண்டுபோய் விட்டன. சட்டமோ பிடிபடுகிற பெண்ணைத்தான் பார்த்தது. கோப்பித் தோட்டக் காலத்தில், 1841இல், வெள்ளைக்காரன் கொண்டு வந்த அலைந்து திரிவோர் கட்டளைச் சட்டத்தை வைத்தே தெருவில் நின்ற பெண்களைப் பொலிஸ் பிடித்து வந்தது. கூட்டி வந்த தரகர் பெரும்பாலும் தப்பிவிடுவார்.

இதையெல்லாம் ஏன் பெரகலயில் பேச வேண்டும்? பதுளைப் பக்கத்து கொழும்பு பஸ் நமது சந்தியால்தான் போகிறது. லயத்துப் பிள்ளைகள் வீட்டு வேலைக்குப் போகும் பாதையும் இதுதான். 2021 ஜூலையில், டயகமவிலிருந்து தரகர் மூலம் கொழும்புக்குப் போன 16 வயதுப் பிள்ளை, வேலை செய்த வீட்டில் தீக்காயப்பட்டு ஆஸ்பத்திரியில் மௌத்தானாள். அந்த வீடு நமது சமூகத்து அரசியல்வாதியின் வீடு என்பதற்காக நாம் வாய்மூடக் கூடாது.

வேலைக்குப் போகிற எல்லாப் பிள்ளையும் லிகாயா ஆவதில்லை. ஆனால் தரகர் சொல்லும் வார்த்தை எங்கும் ஒன்றுதான்: "நல்ல இடம், பயப்படாதீங்க."

16 வயது வரை பிள்ளை பாடசாலையில் இருக்க வேண்டும் என்பது சட்டம். வகுப்பில் ஒரு கதிரை வெறுமையானால் நாங்கள் வீடு தேடி வருவோம். நீங்களும் பக்கத்து வீட்டில் விசாரியுங்கள். சந்தேகம் என்றால் சிறுவர் பாதுகாப்பு அதிகாரசபையின் 1929 இலக்கத்துக்கு அழையுங்கள்.