பெர்லின் நிலவறை: யாருடைய வெளி?



எதிர்க்கலாச்சாரம் என்று பேச்செடுத்தால் ஐரோப்பிய நகரங்களின் நிலவறைகளை உதாரணம் காட்டுவது நம் விவாதங்களிலும் வழக்கமாகிவிட்டது. கைவிடப்பட்ட ஆலைகளிலும் பூட்டிக் கிடந்த வீடுகளிலும் நிலத்தடிக் கிடங்குகளிலும் இளைஞர்கள் புகுந்து, அரசும் சந்தையும் எட்டாத வெளியை உருவாக்கினார்கள் என்பது அந்தக் கதை. அதில் உண்மை உண்டு. ஆனால் ஊர், சேரி என்று பிரிக்கப்பட்ட நிலத்திலிருந்து வரும் நாம், எந்த வெளியைக் காட்டினாலும் மூன்று கேள்விகளைக் கேட்டுப் பழகியவர்கள். இந்த இடம் முன்பு யாருடையது? உள்ளே வர யாருக்கு அனுமதி? இங்கே உழைத்தவருக்கு என்ன கிடைத்தது? இந்தக் கேள்விகளோடு பெர்லினின் ஒரு நிலவறைக்குள் இறங்கிப் பார்ப்போம்.

1989 நவம்பர் 9 அன்று பெர்லின் மதில் திறந்தது. கிழக்கு பெர்லினில் யாருடையவை என்று தீர்மானிக்கப்படாத கட்டடங்கள் ஏராளம். லைப்சிகர் வீதியில் அப்படிக் கிடந்த ஒரு நிலவறையில் 1991 மார்ச்சில் ‘ட்ரெசோர்’ என்ற இசைக்கூடம் தொடங்கியது. ஜெர்மன் மொழியில் அச்சொல்லுக்குப் பொருள் பெட்டகம். தாழ்ந்த கூரை, கனத்த இரும்புக் கம்பிகள், துருப்பிடித்த வைப்புப் பெட்டிகளின் வரிசை. பிரிந்து கிடந்த நகரத்தின் இரு பகுதி இளைஞர்களும் அங்கே விடிய விடிய ஒன்றாக ஆடினார்கள். அரசுகள் கையெழுத்திட்ட இணைப்பு அந்தத் தரையில் உடலால் நிகழ்ந்தது. இதை நாம் குறைத்து மதிப்பிட வேண்டியதில்லை.

சரி, அந்தப் பெட்டகம் யாருடையது? வெர்தைம் என்ற யூதக் குடும்பத்தின் பேரங்காடிக்குக் கீழே இருந்த அறை அது. 19ஆம் நூற்றாண்டின் இறுதியில் கட்டிடக் கலைஞர் ஆல்ஃபிரட் மெஸல் வடிவமைத்த அந்த அங்காடி ஐரோப்பாவின் மிகப் பெரிய அங்காடிகளில் ஒன்று. நாஜிகள் அதை ‘ஆரியமயம்’ ஆக்கினார்கள். 1937இல் வெர்தைம் என்ற பெயரே நீக்கப்பட்டது. நிறுவனத்தை வளர்த்த கேயோர்க் வெர்தைம் 1939 டிசம்பர் 31 அன்று இறந்தார். போரில் சிதைந்த கட்டடம் 1950களில் இடித்து அகற்றப்பட்டது. மண்ணுக்குள் பெட்டகம் மட்டும் தங்கிவிட்டது. குடும்பச் சொத்துகளுக்கான நீண்ட வழக்குகளின் முடிவில், 2007இல்தான் கார்ஸ்டாட்-க்வெல்லே நிறுவனம் 8 கோடியே 80 லட்சம் யூரோ இழப்பீடு தர ஒப்புக்கொண்டது. ஆகவே, இளைஞர்கள் கண்டெடுத்த ‘காலியிடம்’ தானாகக் காலியானது அல்ல, காலியாக்கப்பட்டது. விடுதலை வெளி என்று கொண்டாடப்படும் இடத்துக்கு அடியில் ஒரு பறிமுதல் இருக்கிறது.

அங்கே ஒலித்த இசையும் பெர்லினில் பிறந்ததல்ல. டெக்னோ, அமெரிக்காவின் டெட்ராய்ட் வட்டாரத்தில் ஹுவான் அட்கின்ஸ், டெரிக் மே, கெவின் சாண்டர்சன் முதலிய கறுப்பின இளைஞர்கள் 1980களில் உருவாக்கிய இசை. கார் ஆலைகள் மூடப்பட்டு, வெள்ளையர் புறநகர்களுக்கு வெளியேறிய நகரம் அது. ட்ரெசோர் 1991இல் வெளியிட்ட முதல் இசைத்தட்டு, டெட்ராய்டின் ‘அண்டர்கிரவுண்ட் ரெசிஸ்டன்ஸ்’ குழுவினர் எக்ஸ்-101 என்ற பெயரில் செய்தது. முகத்தை மறைத்துக்கொண்டு, பெரிய இசை நிறுவனங்களை எதிர்த்து நின்ற குழு அது. ட்ரெசோர் அவர்களுக்கு மேடை தந்தது. அந்த நட்பு உண்மையானது. ஆனால் 2024இல் ஜெர்மனி தன் மரபுரிமைப் பட்டியலில் சேர்த்தது ‘பெர்லினின் டெக்னோ பண்பாட்டை’. கலை ஊருக்குச் சொந்தமாகி, கலைஞன் அடிக்குறிப்பாகிவிடும் கதை நமக்குப் புதிதல்ல. 1972இல் பம்பாயில் எழுந்த தலித் பாந்தர்கள் கறுப்பின மக்களின் போராட்டத்திலிருந்துதான் தம் பெயரை எடுத்துக்கொண்டார்கள். அந்த மக்களின் பெயர் அழியும்போது நாம் வேடிக்கை பார்க்க முடியாது.

இனி அனுமதி பற்றிய கேள்வி. இதற்கு மதிலின் மேற்குப் பக்கம், க்ராய்ஸ்பெர்க் பகுதிக்குப் போக வேண்டும். மேற்கு பெர்லினில் வசிப்பவருக்குக் கட்டாய ராணுவ சேவை இல்லை என்பதால் ஜெர்மானிய இளைஞர்கள் பலர் அங்கே வந்து சேர்ந்தார்கள். 1981இல் மேற்கு பெர்லினில் 160க்கும் மேற்பட்ட வீடுகள் அவர்கள் கைவசம் இருந்தன. அதே தெருக்களில் துருக்கியிலிருந்து வந்த தொழிலாளர் குடும்பங்கள் வாழ்ந்தன. அவர்களைக் குறிவைத்துத்தான், க்ராய்ஸ்பெர்க், வெட்டிங், டியர்கார்ட்டன் ஆகிய மூன்று பகுதிகளில் வெளிநாட்டவர் புதிதாகக் குடியேறத் தடை என்று 1975இல் நகர அரசு ஆணையிட்டது. கடவுச்சீட்டிலேயே முத்திரை குத்தியது. ஒருவருக்குக் கலகம் செய்யத் தேர்ந்தெடுத்த இடம். இன்னொருவருக்குச் சட்டப்படி நுழைய முடியாத இடம். யார் எந்தத் தெருவில் குடியிருக்கலாம் என்று அதிகாரம் வகுக்கும்போது என்ன நடக்கும் என்பதை நமக்கு யாரும் விளக்க வேண்டியதில்லை.

மூன்றாவது கேள்விக்கு மறுபடி வெர்தைம் மனைக்கே திரும்புவோம். 2005இல் ட்ரெசோர் அந்த இடத்தை விட்டு வெளியேறியது. 2007இல் பழைய மின்நிலையம் ஒன்றில் மீண்டும் தொடங்கியது. வெர்தைம் நின்ற மனையில் 2014இல் ‘மால் ஆஃப் பெர்லின்’ திறக்கப்பட்டது. அதைக் கட்டிய ருமேனியத் தொழிலாளர்கள் கூலி பாக்கி கேட்டு அதன் வாசலிலேயே போராடினார்கள். ‘அவமானத்தின் மால்’ என்று மக்கள் அதற்குப் பெயர் வைத்தார்கள். ஒப்பந்த நிறுவனங்கள் திவாலாகிவிட, முதலீட்டாளர் மீது தொடுத்த வழக்கையும் 2019இல் கூட்டாட்சித் தொழிலாளர் நீதிமன்றம் தள்ளுபடி செய்தது.

ஒரே மனை. யூதக் குடும்பத்தின் சொத்து, கறுப்பினத்தவரின் இசை, ருமேனியத் தொழிலாளியின் உழைப்பு. மூன்றும் பறிபோன இடத்துக்கு நாம் ‘சுதந்திர வெளி’ என்று ஒற்றைப் பெயர் சூட்டினால் அது அரைகுறை வரலாறு.

இதனால் நிலவறைகளை நிராகரிக்கச் சொல்லவில்லை. க்ராய்ஸ்பெர்க்கின் ‘எஸ்ஓ36’ அரங்கு 1978 முதல் பங்க் இசையின் கோட்டை. அங்கேயே 1997 முதல், புலம்பெயர்ந்த குடும்பங்களைச் சேர்ந்த பால்புதுமையினர் தமக்கான ‘கேஹானே’ இரவுகளைத் துருக்கிய, அரபு இசையோடு நடத்திவருகிறார்கள். ஒதுக்கப்பட்டவர்கள் தாங்களே கதவைத் திறந்துகொள்ளும்போது எதிர்க்கலாச்சாரம் முழுப் பொருள் பெறுகிறது. தேர்ந்தெடுத்துக் கீழே இறங்குபவர் விரும்பும்போது மேலே ஏறிவிடலாம். கீழே தள்ளப்பட்டவருக்கு அந்தப் படிக்கட்டு இல்லை. இந்த வேறுபாட்டை மறக்காத வரலாற்றை எழுதுவது இங்கே கூடியிருக்கும் மாணவர்களின் வேலை. எந்த நகரத்தைப் பற்றி எழுதினாலும் முதலில் பட்டாவைக் கேளுங்கள், பிறகு வாசலில் யார் தடுக்கப்பட்டார் என்று கேளுங்கள், கடைசியாகக் கூலிக் கணக்கைக் கேளுங்கள்.