டர்போ பொத்தானின் காலம்

மவுஸைத் தானாகவே கிளிக் செய்யும் ஆட்டோ கிளிக்கர் மென்பொருளை இந்தக் காலத்துக் கண்டுபிடிப்பு என்று என் மருமக்கள் நினைக்கிறார்கள். மாத்தளைக்கு அது தொண்ணூறுகளிலேயே வந்துவிட்டது, டி.வி. கேம் ரிமோட்டில்.

வழமையான ஏ, பி பொத்தான்களோடு அதில் டர்போ என்று இன்னும் இரண்டு. அழுத்திப் பிடித்தால் போதும், குண்டு விடாமல் பாயும். திருகோணமலை வீதியில் மாமா வானொலி திருத்தும் கடை வைத்திருந்தார். ரத்தோட்டை, எல்கடுவை தோட்டங்களிலிருந்தும் ரிமோட்டுகள் வரும். அறுந்த வயரை ஒட்டுவார், கரி றப்பரை ஸ்பிரிட்டால் துடைப்பார். டர்போ இல்லாத ரிமோட்டுக்கு 555 ஐசி ஒன்று, ரெசிஸ்டர் இரண்டு, கப்பாசிட்டர் ஒன்று வைத்து டர்போ பூட்டியும் கொடுப்பார். நம் நாட்டு டி.வி.யில் நொடிக்கு 50 படம். படத்துக்கு ஒரு தரம்தான் கேம் பெட்டி ரிமோட்டைக் கேட்கும் என்பதால், அழுத்தி விடுவதற்கு இரண்டு படம் போக, நொடிக்கு 25 வெடிதான் உச்சம். மாமாவின் கைவேலையை நான் இன்றும் பெரிதாக மதிக்கிறேன்.

டர்போவைக் கள்ளம் என்று அன்று யாரும் சொல்லவில்லை. ஜப்பானில் ஹட்சன் கேம் நிறுவனத்தின் தகஹாஷி மெய்ஜின் நொடிக்கு 16 தரம் அழுத்துவார் என்று எண்பதுகளில் சிறுவர்கள் கொண்டாடினார்கள். அதே ஹட்சன்தான் தானாக அழுத்தும் ஜாய்கார்ட் ரிமோட்டையும் விற்றது. நின்டெண்டோவே 1987இல் என்.இ.எஸ். அட்வான்டேஜ் ரிமோட்டில் டர்போ வைத்தது. நம் வீடுகளில் இரண்டு ரிமோட்டிலும் டர்போ இருந்தது. அண்ணனுக்கு உள்ளது தம்பிக்கும் உண்டு; வழக்கு எங்கிருந்து வரும்?

வழக்கு இணைய ஆட்டத்தோடு வந்தது. எதிரே இருப்பவர் கையில் என்ன இருக்கிறது என்று தெரியாத ஆட்டம் அது. 2003இல் ஆட்டோஹாட்கீ மென்பொருள் வெளியானபின், சில வரி எழுதத் தெரிந்தவர் எவரும் மவுஸை ஓடவிடலாம் என்றாயிற்று. ரூன்ஸ்கேப் இணைய ஆட்டத்தில் மரம் வெட்டுவதையும் மீன் பிடிப்பதையும் மென்பொருளிடம் விட்டவர்களின் கணக்குகளை, 2011 ஒக்டோபரில் ஜாஜெக்ஸ் நிறுவனம் ஒரே நாளில் ஏறத்தாழ 15 இலட்சம் முடக்கியது. 2013இல் வந்த குக்கி கிளிக்கர் ஆட்டமோ, தானே கிளிக் செய்யும் கர்சரைத் தன் முதல் கடைப்பொருளாகவே விற்றது. தனியாக ஆடுபவர் அதை வாங்குவதால் யாருக்கும் நட்டமில்லை. எதிரே ஒரு மனிதர் விரலால் மட்டும் ஆடும்போது அவருக்குத் தெரியாமல் ஓடவிடுவது களவுதான். அதில் எனக்கு இரண்டு பேச்சில்லை.

மாத்தளைப் பக்கத்து வீடுகளில் அந்தப் பழைய டர்போ ரிமோட்டுகள் இன்னும் கிடக்கக்கூடும். வேலை செய்யாவிட்டாலும் குப்பையில் போட்டுவிடாதீர்கள். கழற்றிப் பார்த்து, உள்ளே கையால் ஒட்டிய ஐசி இருந்தால், ஒட்டியவர் பெயரையும் கேட்டு எழுதி வையுங்கள்.