புச்சி பாபு நாயுடு

புச்சி பாபு நாயுடு (1868–1908): சென்னையில் இந்தியர் கிரிக்கெட்டு ஆடுவதற்கெனச் சங்கம் ஸ்தாபித்து, ஐரோப்பியரும் இந்தியரும் எதிர்நின்று ஆடும் மாகாணப் போட்டிக்கு வழிவகுத்தவர், தென்னிந்தியக் கிரிக்கெட்டின் தந்தை எனப் போற்றப்படுபவர். இயற்பெயர் மோத்தவரபு வேங்கட மகிபதி நாயுடு.

ஆங்கில வணிகருக்கும் இந்நாட்டு வர்த்தகருக்கும் இடையே நின்று காரியம் நடத்திய துபாஷிகளின் மரபில், செல்வமும் செல்வாக்கும் வாய்ந்த தெலுங்குக் குடும்பமொன்றில் ஐந்து புதல்வருள் ஒருவராக இவர் பிறந்தார். பாரி கம்பெனியின் துபாஷாக விளங்கிய தாய்வழிப் பாட்டனார் இவரைச் சுவீகாரம் செய்துகொண்டமையால், மயிலாப்பூரைச் சார்ந்த லஸ் ஹவுஸ் என்னும் மாளிகையில் சகல வசதிகளுடனும் வளர்ந்தார். இவரைப் பராமரித்த ஆங்கிலேயச் செவிலியர் மாலை வேளைகளில் சேப்பாக்கம் மைதானத்துக்கு அழைத்துச் செல்வது வழக்கம். அங்கே வெள்ளையுடை தரித்து ஆடியவர்களைக் கண்டு கண்டு இவருக்குப் பிள்ளைப் பருவத்திலேயே அவ்வாட்டத்தில் அபிமானம் வேரூன்றியது.

அக்காலத்தில் சென்னையில் கிரிக்கெட்டு என்பது பெரும்பாலும் ஐரோப்பியரின் பொழுதுபோக்காகவே இருந்தது. 1846-இல் தோன்றிய சென்னைக் கிரிக்கெட்டுச் சங்கம் அவர்களுக்கே உரியது. பம்பாயிலோ பார்சி சமூகத்தார் 1848-இலேயே தமக்கெனச் சங்கம் கண்டு, 1886-இல் இங்கிலாந்துக்கே கப்பலேறிச் சென்று ஆடித் திரும்பியிருந்தனர். தென்னாட்டில் அத்தகைய முயற்சிக்கு ஆர்வமுடையோர் இருந்தும், மைதானமும் மட்டையும் பந்தும் வாங்கித்தந்து அவர்களை ஓரணியாகத் திரட்ட முன்வருவார் இல்லை.

சேப்பாக்கத்தில் ஆட அழைக்கப்பட்ட இந்தியருக்கு நேர்ந்த அவமதிப்பே புச்சி பாபுவைச் செயலில் இறங்கச் செய்தது என்பர். ஆட்டத்தின் இடைவேளையில் ஐரோப்பியர் பெவிலியனுக்குள் சென்று மேசையில் அமர்ந்து உணவருந்த, அதே களத்தில் அதே வெயிலில் அவர்களோடு ஆடிய இந்தியர் வெளியே மரத்தடியில் உண்ண வேண்டியிருந்தது. களத்தில் சமமாக நிற்பவன் பந்தியில் ஏன் விலக்கப்பட வேண்டும் என்ற கேள்விக்கு வாய்ச்சொல்லால் விடை தேடாமல், 1888-இல், தம் இருபதாம் பிராயத்தில், மதராஸ் யுனைடெட் கிளப் என்னும் சங்கத்தை இவர் நிறுவி, எஸ்பிளனேடு பகுதியில் அதற்கு ஒரு மைதானத்தையும் ஏற்படுத்தினார். வசதியற்ற ஆட்டக்காரருக்கு வேண்டிய உபகரணங்களைத் தம் சொந்தப் பொருளைக்கொண்டு அளித்தார். இந்தியர் அனைவரும் ஒரே சங்கத்தில் சேர்ந்து பயின்று ஆட இதனால் இடம் பிறந்தது.

சங்கம் வலுப்பெற்றபின், பம்பாயில் நடந்துவந்தது போன்ற மாகாணப் போட்டி சென்னையிலும் நடைபெற வேண்டும் என்று இவர் விரும்பினார். ஐரோப்பியர் சங்கமும் இசைந்து, 1908 டிசம்பரில் முதற்போட்டி நிச்சயிக்கப்பட்டது. ஆயினும் இருபதாண்டு உழைப்பின் பயனைக் காண்பதற்கு முன்னரே இவர் நாற்பதாம் வயதில் காலமானார். குறித்தபடியே போட்டி நடைபெற்று, அவருடைய நினைவுக்குக் காணிக்கையாக்கப்பட்டது.

அந்தப் போட்டி 1915–16 முதல் முதல்தர ஆட்டமாக அங்கீகாரம் பெற்றது. பின்னர்ப் பொங்கல் விடுமுறையை ஒட்டி ஆடப்பட்டு, ‘பொங்கல் போட்டி’ என்றே ஜனங்களிடையே பிரசித்தியடைந்தது. இந்தியர் அணியில் சி. கே. நாயுடு போன்ற சிரேஷ்டர்களும் ஆடிய இப்போட்டி, நாடு விடுதலையடைந்த பின்னும் 1952 வரை நீடித்தது. 1934 நவம்பர் 4-ஆம் தேதி, இந்திய அணிகள் தமக்குள் மோதும் ரஞ்சிக் கோப்பையின் முதல் ஆட்டமே சேப்பாக்கத்தில் சென்னைக்கும் மைசூருக்கும் இடையே தொடங்கி, எம். ஜே. கோபாலன் முதற்பந்தை வீச, ஏ. ஜி. ராம்சிங் 11 விக்கெட்டுகளைச் சாய்க்க, ஒரே நாளில் சென்னையின் வெற்றியாய் முடிந்ததென்றால், அதற்குரிய நிலத்தை முன்னரே பண்படுத்தி வைத்த பெருமை புச்சி பாபுவின் சங்கத்துக்கும் உண்டு.

இவருடைய புதல்வர்களும் சிறந்த ஆட்டக்காரராயினர். அவர்களுள் புகழ்பெற்றவர், தந்தையைப் போலவே சுவீகாரம் சென்றமையால் வேறு குடிப்பெயர் பூண்ட கோட்டா ராமசாமி. ராமசாமி 1922-இல் டேவிஸ் கோப்பை டென்னிஸ் போட்டியில் இந்தியாவுக்காக ஆடினார். பின்பு 1936-இல், நாற்பது வயது நிரம்பியபின், மான்செஸ்டரில் தம் முதல் டெஸ்டு ஆட்டத்தில் இறங்கி 40, 60 ஓட்டங்கள் எடுத்தார். இரு விளையாட்டுகளில் தேசத்தின் பிரதிநிதியாக நின்றவர் மிகச் சிலரே.

பிற மாநில அணிகளும் பங்கேற்கும் புச்சி பாபு நினைவுப் போட்டி இவர் பெயரைத் தாங்கித் தமிழ்நாட்டில் நடைபெறுகிறது. இன்று மாநகரங்களோடு நில்லாமல், சிற்றூர்களின் பிள்ளைகளும் தம் சொந்த ஆட்டமாகக் கிரிக்கெட்டைக் கொண்டாடுகின்றனர் எனின், இந்தியனுக்கும் இக்களம் உரியது என்பதைத் தென்னாட்டில் முதன்முதல் நிலைநாட்ட உழைத்தவர்களுள் தலையாயவர் இவரே. ஓட்டக் கணக்கை மட்டும் கொண்டு ஆட்டக்காரரை அளப்போர் இவர் பெருமையை அறியமாட்டார். பிறர் ஆடுவதற்கு இடம் தேடிக்கொடுத்த செயலாலேயே புச்சி பாபு நாயுடு சரித்திரத்தில் நிலைபெற்றார்.