தீவகமும் பெண்ணின் தனிநடையும்

பெண் தனித்து நடத்தல் ஒழுக்கம் பற்றிய வினாவாகவே எம்மிடையே பெரிதும் நோக்கப்பட்டு வந்துள்ளது. வீதி யாருக்கு உரியது என்னும் சமூக வினாவாக அதனை நோக்குதலே பொருத்தமுடையது என்பது எமது கருத்தாகும்.

சாத்தனாரின் மணிமேகலை இவ்வகையில் முக்கியமான சான்றாகும். சண்பை நகர்ச் சோலையிலே தனித்துப் பூக்கொய்த சுதமதியை விஞ்சையன் ஒருவன் கவர்ந்து செல்கின்றான். புகாரின் உவவனத்திற்குச் செல்லும் மணிமேகலையை அரசிளங்குமரன் உதயகுமரன் பின்தொடர்கின்றான். அறிஞர் பலர் நயினாதீவெனக் கருதும் மணிபல்லவத்தின் மணற்குன்றுகளிலே அவள் தனியே அலைகின்றாள், அஞ்சி அழுகின்றாள், ஆயினும் அங்கு அவளைத் தொடர்வார் எவருமில்லை. அமுதசுரபியுடன் புகார் மீண்ட பின்னரும் இளவரசனிடமிருந்து தப்பக் காயசண்டிகையின் வடிவை மேற்கொள்ள நேர்கின்றது. ஈற்றில் காஞ்சனன் உதயகுமரனை வெட்டி வீழ்த்த, சிறை புகுபவள் மணிமேகலையே. காவல் என்னும் சொல் பாதுகாப்பையும் சிறையையும் ஒருங்கே சுட்டுதல் இங்கு மனங்கொள்ளத்தக்கது.

உழைக்கும் பெண்களுக்கு இக்காவல் என்றும் முழுமையாக இருந்ததில்லை. நன்னீர் அரிதான தீவுகளிலே குடத்துடன் தொலைவிலுள்ள கிணறுகளுக்கு நடந்தோர் பெண்களே. புங்குடுதீவு ஆண்கள் பலர் கொழும்பு முதலிய நகரங்களில் வணிகம் செய்த காலத்தில் வீட்டையும் வளவையும் பராமரித்தோரும் பெண்களே. அந்நடை உழைப்பிற்குத் தேவைப்பட்டமையால் பொறுக்கப்பட்டது, உரிமையாக ஏற்கப்படவில்லை.

1990களின் தொடக்கத்தில் போர் காரணமாகத் தீவக மக்களுள் பெருந்தொகையினர் இடம்பெயர்ந்தனர். பலர் மீளவில்லை. ஒருகாலத்தில் அயலவர் கண்பட்ட ஒழுங்கைகள் பாழ்வீடுகளுக்கும் பற்றைகளுக்கும் இடையே தனித்துப்போயின. 2015 மே 13இல் புங்குடுதீவிலே பாடசாலைக்குப் புறப்பட்ட மாணவி ஒருத்தி கடத்தப்பட்டு, வன்புணர்வுக்கு உட்படுத்தப்பட்டுக் கொல்லப்பட்டாள். வடக்கெங்கும் மாணவரும் பெண்களும் வீதிக்கு இறங்கினர். 2017 செப்டெம்பர் 27இல் யாழ்ப்பாணத்தில் நீதிபதிகள் மூவர் அடங்கிய மன்று எழுவருக்கு மரணதண்டனை விதித்தது.

தண்டனை குற்றவாளிகளைச் சார்ந்தது. வீதியை அது மாற்றிவிடாது. இத்தகைய கொடுமை நிகழுந்தோறும் பெண்பிள்ளைகளைத் தனியே விடவேண்டாம் என்னும் அறிவுரை எழுகின்றது. அன்பினால் எழுவதாயினும், மணிமேகலையைச் சிறையிட்ட அதே தர்க்கமே அதனுள் இயங்குகின்றது. பற்றைகள் வெட்டப்படுதல், வெளிச்சம், ஒழுங்கான பேருந்து என்பன உடனடித் தேவைகள். நீருக்கோ, வேலைக்கோ, பாடசாலைக்கோ என்று காரணங் கூறாமலே கடற்கரையில் ஒரு பெண் மாலைப்பொழுதில் நடந்து வீடு திரும்பக்கூடிய நிலையே, தீவகம் அவளுக்கும் உரியது என்பதற்குச் சான்றாகும்.