திங்கள்: ஆளும் தெய்வமா, சாட்சித் தெய்வமா? – கனவு, உயிர், மறைபொருள் குறித்து ஒரு வரலாற்று நோக்கு

ஆய்வுச் சுருக்கம்

கனவையும் உயிரையும் மறைபொருளையும் ஒருங்கே ஆளும் நிலாத் தெய்வம் இக்காலப் புனைவுகளில் பயிலும் ஒரு கருத்துருவாகும். அத்தகைய தெய்வத்தைப் பழந்தமிழ் மரபில் காண இயலுமா என்பதை இக்கட்டுரை ஆராய்கிறது. சங்கப் பாடல்கள், திருக்குறள், சிலப்பதிகாரம், பாண்டியர் செப்பேடுகள், காரியாபட்டியை அடுத்த திருச்சுழிப் பகுதியின் பள்ளிப்படை ஆகியவை சான்றுகளாகக் கொள்ளப்படுகின்றன. தமிழ் மரபில் திங்கள் இம்மூன்றையும் ஆளவில்லை. அவற்றுக்குச் சாட்சியாக நிற்கிறது என்பது இதன் முடிபு.

திறவுச்சொற்கள்: பிறை தொழுதல், நிலாக்கோட்டம், சோமகுண்டம், தென்புலத்தார், பள்ளிப்படை

முன்னுரை

நிலவையும் கனவையும் இணைப்பது உலகின் பல மரபுகளில் உண்டு. கி.மு. 6ஆம் நூற்றாண்டில் பாபிலோனை ஆண்ட நபோனிடசு, நிலாத் தெய்வமாகிய சின் தன் கனவில் ஆணையிட்டதாக ஹர்ரான் கல்வெட்டில் பொறித்துள்ளான். இத்தகைய சான்றுகளை முன்மாதிரியாகக் கொண்டு, தமிழிலும் அவ்வாறே இருந்திருக்கும் எனக் கருதுவது எளிது. ஒப்பாய்வில் தவிர்க்க வேண்டிய இடரும் அதுவே. தமிழ்ச் சான்றுகளை அவற்றின் சூழலில் வைத்து நோக்குவதே முறையாகும்.

திங்கள் வழிபாடு

பிறை தொழும் வழக்கம் சங்க காலத்தது என்பதற்குக் குறுந்தொகை 178, 307 ஆம் பாடல்கள் சான்றாகும். சிலப்பதிகாரத்தின் மங்கல வாழ்த்து ஞாயிற்றுக்கும் மழைக்கும் முன்னதாகத் திங்களைப் போற்றுகிறது. அரசனின் வெண்கொற்றக் குடையைப் போன்று உலகுக்கு அளிசெய்வதே அப்போற்றுதலுக்குக் காட்டப்படும் காரணம். திங்களுக்குத் தனிக்கோயில் இருந்தமையையும் அக்காப்பியம் தெரிவிக்கிறது. புகார் நகரின் கோட்டங்களுள் ஒன்று நிலாக்கோட்டம். ஆகவே, வழிபாடு இருந்ததா என்பதில் ஐயமில்லை. அவ்வழிபாட்டின் பொருள் யாது என்பதே வினா.

கனவு

நிலாக்கோட்டம் இடம்பெறும் பகுதி கனாத்திறம் உரைத்த காதை என்பது கருதத்தக்கது. மாற்றாள் குழவி பால் விக்கி இறந்துபட, மாலதி அதனைச் சுமந்துகொண்டு கோட்டந்தோறும் சென்று முறையிடுகிறாள். அவ்வரிசையில் நிலாக்கோட்டமும் உள்ளது. ஆயினும் குழவியின் இடத்தை நிரப்பி அவள் துயர் துடைப்பவன் பாசண்டச்சாத்தன். திங்கட் கடவுள் அன்று.

அக்காதையிலேயே கண்ணகி தன் தீக்கனவைத் தேவந்திக்கு உரைக்கிறாள். கேட்போர் நகைப்பர் எனக் கருதி அதன் இறுதிப் பகுதியை வெளியிடாது நிறுத்துகிறாள். சோமகுண்டம், சூரியகுண்டம் ஆகிய பொய்கைகளில் மூழ்கிக் காமவேள் கோட்டம் தொழுமாறு தேவந்தி பரிகாரம் கூறுகிறாள். இங்குத் திங்களின் பெயர் தாங்கிய நீர்த்துறை கனவின் கேட்டைக் களையும் வழியாகவே சுட்டப்படுகிறது. கனவின் பிறப்பிடமாகச் சுட்டப்படவில்லை. அப்பரிகாரத்தையும் பெருமை தருவதன்று எனக் கண்ணகி மறுத்துவிடுகிறாள்.

காப்பியத்தின் மூன்றாம் கனவு மேலும் நுட்பமானது. பாண்டியர் திங்கள் குலத்தவர் என்பதைச் சிலப்பதிகாரமே கூறுகிறது. வேள்விக்குடி, சின்னமனூர்ச் செப்பேடுகளும் அவ்வாறே கூறுகின்றன. அக்குலத்து அரசியாகிய கோப்பெருந்தேவி காணும் கனவில் ஞாயிற்றை இருள் விழுங்குகிறது. இரவில் வானவில் தோன்றுகிறது. பகலில் விண்மீன் வீழ்கிறது. குலமுதலாகிய திங்கள் மட்டும் அங்கு இல்லை. அக்கனவில் வீழ்வது அரசனின் குடை. மங்கல வாழ்த்தில் திங்களுக்கு உவமையானதும் குடையே என்பதை இணைத்து நோக்கினால், குலமுதலின் காவல் நீங்கியமையை அக்கனவு குறிப்பாக உணர்த்துவதாகக் கொள்ளலாம்.

திருக்குறளின் கனவுநிலை உரைத்தல் அதிகாரமும் இம்முடிபுக்கு அரண் செய்கிறது. அங்குக் கனவு காதலரின் தூதைக் கொணரும் விருந்தாக வருகிறது. அதனை ஏவும் தெய்வமும் இல்லை; பத்துக் குறள்களில் ஓரிடத்தும் நிலவும் இல்லை.

மறைபொருள்

மறைபொருளைத் திங்கள் காக்கிறது எனக் கொள்ள அகமரபு இடந்தரவில்லை. இரவுக்குறியில் வரும் தலைவனுக்கு நிலவொளி இடையூறாகும். நெடுவெண்ணிலவினார் பாடிய குறுந்தொகை 47ஆம் பாடலில், களவுக்கு நீ நல்லை அல்லை என்னும் பொருள்பட நிலவைத் தோழி கடிகிறாள். மறைந்ததைக் காட்டிக்கொடுப்பதே அங்குத் திங்களின் இயல்பு.

இவ்வியல்பே பிற்காலத்தில் சாட்சியாக வடிவம் பெறுகிறது. கொடைகள் சந்திராதித்தர் உள்ளவரை நிற்க எனக் கல்வெட்டுகள் விதிக்கின்றன. கொடைக்கற்களிலும் நடுகற்களிலும் பிறையும் ஞாயிறும் பொறிக்கப்படுகின்றன. உயிர்களின் நல்வினை தீவினைகளைக் கணக்கெழுதும் சித்திரகுப்தனுக்குரிய வழிபாடு சித்திரை மாத முழுநிலா நாளில் நிகழ்வதும் இவ்வகையில் எண்ணத்தக்கது.

உயிர்

இறந்தோர் உயிர் நிலவுலகை அடையும் என்னும் கருத்து சாந்தோக்கியம் முதலிய உபநிடதங்களில் உண்டு. தமிழ் மரபில் இறந்தோர் தென்புலத்தில் வாழ்வோராவர் எனப் புறநானூறும் திருக்குறளும் குறிக்கின்றன. இன்று முன்னோர்க்கு நீர்க்கடன் செய்யும் சிறப்பு நாள்கள் ஆடி, தை அமாவாசைகள். அதாவது, நிலவு தோன்றாத நாளே முன்னோர்க்குரிய நாளாயிற்று.

இதற்கு அரச மரபிலிருந்து ஒரு சான்று காரியாபட்டிக்கு அண்டை வட்டமான திருச்சுழியில் கிடைக்கிறது. குண்டாற்றங்கரையில் உள்ள பள்ளிமடத்தின் 10ஆம் நூற்றாண்டுக் கல்வெட்டுகளில், சுந்தரபாண்டிய ஈசுவரம் பள்ளிப்படையாகக் குறிக்கப்படுகிறது. பள்ளிப்படை என்பது இறந்த அரசர்க்கு எடுக்கப்படும் நினைவுக் கோயில். திங்கள் குலத்தவன் என உரிமை கொண்டாடிய மரபினனுக்கு எடுக்கப்பட்ட அக்கோயில் திங்கட் கோட்டம் அன்று. பிறையைச் சடையில் சூடிய சிவனின் கோயில். திங்கள் குலத்துக்கு முதல்வனாயினும், அக்குலத்தவர் உயிர் அடையும் இடமாக அது கருதப்படவில்லை.

முடிவுரை

கனவைத் திங்கள் அனுப்புவதில்லை. கனவு கண்டவர் நாடும் துறைக்கு அது பெயராகிறது. மறைபொருளை அது காப்பதில்லை; வெளிப்படுத்துகிறது. உயிர்களை அது ஆள்வதில்லை. அவற்றுக்குரிய நாளை வளர்பிறை, தேய்பிறைக் கணக்கால் வரையறுக்கிறது. புகாரில் கோட்டம் பெற்றிருந்த திங்கள் பின்னர்ச் சிவனின் சடையிலும் நவக்கிரக வரிசையிலுமே பெரிதும் நிலைபெற்றது. ஒரு தெய்வத்துக்கு இருந்த வழிபாட்டைக் கொண்டு அதற்கு இல்லாத ஆட்சியைக் கற்பிப்பது பொருந்தாது. நிலாக்கோட்டத்தை ஆராய்வோர் அயல்மரபு ஒப்புமைகளை நாடும் முன்னர், அக்கோட்டம் இடம்பெறும் காதையை முழுமையாக நோக்குதல் வேண்டும்.