காலங்கடந்த அதிகார வரம்பு ஆட்சேபணை: கடன் வழக்குகளை முன்னிட்டு ஓர் ஆய்வு

செவ்வாய்ப்பேட்டை லீ பஜாரில் மொத்த வியாபாரம் செய்யும் ஒருவர், கடனுக்குச் சரக்கு வாங்கிய நாமக்கல் வியாபாரியின்மேல் சேலம் கோர்ட்டில் பிராது தொடுத்தார் என்றும், பிரதிவாதி கடனையே மறுத்து வழக்காடித் தோற்றபின், டிகிரி நிறைவேற்றத்துக்கு வரும் தறுவாயில்தான் சேலத்துக்கு விசாரணை அதிகாரமே இல்லை என்கிறார் என்றும் வைத்துக்கொள்வோம். இவ்வாட்சேபணைக்கு இடமுண்டென்போர் பற்றி நிற்கும் ஆதாரம், 1954-ல் கிரண் சிங் வழக்கில் உச்ச நீதிமன்றத்தின் சார்பில் நீதிபதி டி. எல். வேங்கடராம ஐயர் எழுதிய தீர்ப்பாகும். பணமதிப்பு, ஸ்தலம், வழக்கின் விஷயம் ஆகிய மூன்றில் எதைப்பற்றிய குறையாயினும் அது நீதிமன்றத்தின் அதிகாரத்தையே பாதிக்கும், கட்சிக்காரர் சம்மதத்தாலும் தீராது, நிறைவேற்றக் கட்டத்திலும் கிளப்பலாம் என்பது அதில் கூறப்பட்ட பொதுவிதி. அப்பெரியாரின் புலமைக்குத் தலைவணங்கினும், மூன்றையும் ஒரே நிரையில் நிறுத்தியதை ஏற்க இயலவில்லை.

அவ்வழக்கின் வரலாறே இதற்குச் சான்று. முங்கேர் ஜில்லாவில் ஒரு நிலத்தை மீட்க 2,950 ரூபாய் மதிப்பிட்டுப் பிராது கொடுத்த வாதிகள், அக்கோரிக்கையில் தோற்று, ஜில்லா கோர்ட்டு அப்பீலிலும் தோற்று, பாட்னா உயர் நீதிமன்றத்தில் மதிப்பு 9,980 ரூபாய் என்று நிர்ணயிக்கப்பட்டவுடன், ஜில்லா கோர்ட்டின் தீர்ப்பே செல்லாதென்று வாதித்தனர். உச்ச நீதிமன்றம் 1887-ஆம் ஆண்டு வழக்கு மதிப்பீட்டுச் சட்டத்தின் 11-ஆம் பிரிவைக் கொண்டு அவர்களைத் திருப்பியனுப்பியது. விதிவிலக்கென்று குறிக்கப்பட்டதே முடிவைத் தாங்கி நின்றது. பொதுவிதிக்கு அங்கே வேலையே இருக்கவில்லை.

அந்த 11-ஆம் பிரிவையும், 1908-ஆம் ஆண்டு சிவில் நடைமுறைச் சட்டத்தின் 21-ஆம் பிரிவையும் அருகருகே வைத்து வாசித்தபோது ஒரு பாடபேதம் கண்ணில் பட்டது. பழைய பிரிவில், எழுவினாக்கள் வகுக்கப்படுமுன் ஆட்சேபித்திருக்க வேண்டும், 'அல்லது' தவறான மதிப்பீட்டால் வழக்கின் முடிவு பாதிக்கப்பட்டதென்று மேல்கோர்ட்டு காரணங்களை எழுதித் திருப்தியடைய வேண்டும். ஸ்தலம் பற்றிய புதிய பிரிவிலோ முதல் சந்தர்ப்பத்திலேயே ஆட்சேபித்திருக்கவும் வேண்டும், அதனால் நியாயம் தவறியிருக்கவும் வேண்டும். மௌனமாயிருந்தவனுக்கு 1887-ல் திறந்திருந்த சிறு வாயிலும் 1908-ல் அடைபட்டது. 1976-ஆம் ஆண்டுத் திருத்தம் இவ்விரட்டை நிபந்தனையைப் பணமதிப்புக்கும் விரித்தது.

1887-லேயே, மதுரைக் கோயில் கமிட்டி நியமனத்தைப் பற்றிய மீனாட்சி நாயுடு வழக்கில், எதிர்க்கட்சி ஆட்சேபிக்காமையால் இல்லாத அதிகாரம் பிறக்காதென்று பிரிவி கவுன்சில் கூறியதே என்று கேட்கலாம். ஆனால் அங்கே குறை ஸ்தலத்தைப் பற்றியதன்று. அந்நியமன உத்தரவின்மேல் அப்பீலே கிடையாது என்பதுதான் குறை. சட்டமன்றமும் பிரிவி கவுன்சிலும் ஒரே ஆண்டில் வெவ்வேறு திசையில் பேசியது தற்செயலாகவும் இருக்கலாம்; ஒன்று மற்றொன்றை அறிந்து எழுந்ததென்று நிறுவச் சான்று போதாது. எனினும் அதிகாரமே இல்லாமையும் அதிகார எல்லையைக் கடத்தலும் வெவ்வேறு என்ற உணர்வு அப்போதே முளைத்திருந்ததென்றே கருதுகிறேன். 1961-ல் ஹீராலால் பட்னி வழக்கில் இது தெளிவாயிற்று. கமிஷன் தொகைக்காகப் பம்பாயில் பெற்ற டிகிரியை ஆக்ராவில் நிறைவேற்றப் புகுந்தபோது எழுந்த ஸ்தல ஆட்சேபணையை, விட்டுக்கொடுக்கத்தக்க உரிமையென்று உச்ச நீதிமன்றம் தள்ளிவிட்டது.

கடன் வழக்கில் இவ்வேறுபாட்டுக்குத் தனி நியாயமும் உண்டு. ஒப்பந்தம் எங்கே முடிந்தது, சரக்கு எங்கே ஒப்படைக்கப்பட்டது, பணம் எங்கே செலுத்தத்தக்கது என்பனவெல்லாம் பேரேட்டையும் சிட்டையையும் சாட்சிகளையும் கொண்டு நிறுவவேண்டிய சங்கதிகள். கடன்பட்டவன் கொடுத்தவனைத் தேடிச் சென்று செலுத்தவேண்டுமென்ற விதியைச் சோனிராம் வழக்கில் 1927-ல் பிரிவி கவுன்சில் ஏற்றதும் அத்தகைய சங்கதிகளின் மேல்தான். அவற்றை விசாரிக்க வேளையிருந்தபோது வாய்திறவாதவன், தோற்றபின் பேசுவது வாதிக்குச் சான்று காட்டும் வாய்ப்பையே பறிப்பதாகும். நியாயத் தவறு என்பதன் அளவுகோல் இன்னும் திட்டமாக வரையறுக்கப்படவில்லை. தொலைவின் செலவால் சாட்சியைக் கொணர முடியாத ஏழைப் பிரதிவாதியின் நிலை அதில் அடங்குமா என்பது வழக்குதோறும் ஆராயத்தக்கது. அவனும் எழுவினாக்களுக்கு முன்பே பேசியாக வேண்டுமென்பதில் மட்டும் ஐயமில்லை.